மூன்றாவது கூப்பாடு

என் அத்தை, தன் கூடப்பிறந்த அண்ணன்மேலேயே கேஸ் போட்டவள். அந்த அண்ணன் எனக்குப் பெரியப்பா. செண்பகத்தோப்புப் பக்கம் தாத்தா விட்டுப்போன தென்னந்தோப்பில் பொம்பளப்பிள்ளைக்கு ஏது பங்கு என்றார் அவர். ஏன் இல்லை என்று அத்தை ஸ்ரீவில்லிபுத்தூர் கோர்ட்டுக்குப் போனாள். அதோடு இருவருக்கும் பேச்சு நின்றது.

ஒரு வாய்தா அன்று கூமாப்பட்டியில் பங்காளி ஒருவர் இறந்துவிட்டார். அத்தையும் பெரியப்பாவும் துட்டி வீட்டில் ஆளுக்கொரு மூலையில் உட்கார்ந்து அழுதுகொண்டிருக்க, கோர்ட்டில் வாதி வரவில்லை என்று வழக்கையே தள்ளுபடி செய்துவிட்டார்கள். மனுப் போட்டு அதற்கு மறுபடி உயிர் கொடுக்க அத்தை எம்புட்டோ அலைந்தாள். “இனிமே நானே செத்தாலும் வாய்தாவுக்குப் போயிட்டுத்தான் பொறவு மத்ததெல்லாம்” என்றாள்.

அத்தை கூண்டேறிச் சாட்சி சொல்ல வேண்டிய நாள் வந்தது. அப்பா ராணுவத்தில். துணைக்கு அஞ்சாம் வகுப்புக்காரி நான். ராஜபாளையத்தில் ஏறிய பஸ், ஸ்ரீவில்லிபுத்தூர் எட்டிப்பார்க்கும்போது டயர் வெடித்து நின்றது. பதறிக் குதித்ததில் அத்தைக்குக் கால் பிசகிவிட்டது. பார்த்த பக்கமெல்லாம் ஆட்டோவே இல்லை.

“ஏட்டி, நீ ஓடு! மூணுவாட்டி கூப்பிடுவாவ. அதுக்குள்ள நான் வாரேன்னு வக்கீல்ட்ட சொல்லிரு.”

ஓடினேன். எங்கள் வக்கீலோ வேறொரு கோர்ட்டில் நிற்கிறாராம். அதற்குள் டவாலி அத்தையின் பெயரை இரண்டுமுறை கூப்பிட்டுவிட்டார். மூன்றாவது கூப்பாடு விழுந்ததுதான் தாமதம், கையை உயர்த்திக்கொண்டு உள்ளே பாய்ந்தேன்.

“உள்ளேன் ஐயா!”

கோர்ட்டே சிரித்தது. நீதிபதி மூக்குக்கண்ணாடிக்கு மேலாகப் பார்த்தார்.

“நீயாம்மா வாதி?”

“அத்தை ஐயா. கால் பிசகிருச்சு, நொண்டிக்கிட்டே வாராவ. செத்த நேரம் பொறுங்க. அவிய வராம நான் இங்கேருந்து நகர மாட்டேன்.”

பெரியப்பாவின் வக்கீல் விருட்டென்று எழுந்தார். வாதி ஆஜராகவில்லை, ஏற்கெனவே ஒருமுறை தள்ளுபடியான வழக்கு என்று ஆரம்பித்தவர், பாதியில் திரும்பிப் பார்த்தார். பின்னால் நின்ற பெரியப்பா அவருடைய கறுப்பு அங்கியைப் பிடித்து இழுத்துக்கொண்டிருந்தார். வக்கீல் முறைத்தார். பெரியப்பா விடவில்லை. வக்கீல் உட்கார்ந்தார்.

“சரி, கடைசியில் கூப்பிடலாம்” என்றார் நீதிபதி.

யாரோ ஒருவருடைய சைக்கிள் கேரியரில் வந்து இறங்கினாள் அத்தை. கூண்டுக் கட்டையைப் பிடித்து ஒற்றைக்காலில் நின்றபடி, கேட்டதற்கெல்லாம் பதில் சொன்னாள். பெரியப்பா பக்கம் ஒருமுறைகூடத் திரும்பவில்லை. அவர் கூரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

திரும்பும் பஸ்ஸில் நான் வாய் ஓயவில்லை. உள்ளேன் ஐயா சொன்னதை நடித்துக் காட்டினேன். அங்கியைப் பிடித்து இழுத்ததையும் சொன்னேன்.

“பெரியப்பா பயந்துட்டாரு அத்தை, நான் போட்ட சத்தத்துல!”

“அங்கியப் பிடிச்சா இழுத்தாரு?” என்றாள். “நல்லாப் பாத்தியா?”

“பாத்தேன். வக்கீல் உக்கார்ற மட்டும் விடவே இல்ல.”

அத்தை முகத்தை ஜன்னல் பக்கம் திருப்பிக்கொண்டு, முந்தானையால் மூக்கைத் துடைத்தாள். பாவம், கால் ரொம்பத்தான் வலிக்கிறது என்று நினைத்துக்கொண்டேன்.