மூன்று பக்கமும் திரும்பிப் பேசியவன்

இருபத்தாறு வருடங்களாகக் கூத்தாடுகிறேன். பகலில் கடைகளுக்குப் பெயர்ப் பலகை எழுதுகிறேன். இரண்டுக்கும் தனித்தனி டைரி உண்டு. மூன்றாவது டைரி வாங்கியது போன தை மாதம், ஒரு சினிமாவில் எனக்கு வேடம் கிடைத்தபோது.

டீக்கடைக்காரர் வேடம். படப்பிடிப்பு திருத்தணி பேருந்து நிலையத்தில். மகளைத் தேடி ஓடிவரும் தந்தையிடம் ஒரே வசனம் சொல்ல வேண்டும்: "உங்க பொண்ணு பள்ளிப்பட்டு பஸ்ஸ விட்டு எறங்கி மலைக்குத்தான் போச்சு." பதினைந்து நாள் சொல்லிப் பார்த்திருந்தேன். என் மனைவி சாப்பாட்டுத் தூக்குடன் வந்து எதிரே நிழலில் உட்கார்ந்திருந்தாள்.

முதல் டேக்கில் வசனத்தைத் தந்தையிடம் சொன்னேன். உடனே இடப்பக்கம் திரும்பி ஒருமுறை, வலப்பக்கம் திரும்பி ஒருமுறை சொன்னேன். கூத்தில் ஜனங்கள் மூன்று பக்கமும் உட்கார்ந்திருப்பார்கள். ஒரு பக்கத்தை விட்டால் அந்தப் பக்கத்துக்காரர்கள் சும்மா விடமாட்டார்கள்.

"அண்ணே, யார பாத்துகினு பேசறீங்க? அந்தாண்ட கக்கூஸ்தான் கீது" என்றார் இயக்குநர். எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன்.

இரண்டாவது டேக்கிலும் திரும்பினேன். மூன்றாவதில் காலை அழுத்தி ஊன்றி நின்றேன். தலை மட்டும் திரும்பியது. இந்தமுறை யாரும் சிரிக்கவில்லை. "இன்னும் ஒரே டேக். வரலன்னா வேற ஆள நிக்க வெச்சிடு" என்று இயக்குநர் உதவியாளரிடம் சொன்னது என் காதில் விழுந்தது. ஊர் முழுக்கச் சொல்லிவிட்டு வந்தவன் நான்.

பலகை எழுதும்போது நான் எந்தப் பக்கமும் திரும்புவதில்லை. அதிலும் ஒரு கோடு பாக்கி இருந்தால், பின்னால் லாரி வந்து நின்றாலும் கண் நகராது. ஐந்து நிமிடம் கேட்டு வாங்கினேன். ஒரு பிஸ்கட் அட்டைப் பெட்டியைக் கிழித்து, மேக்கப் மையால் அதில் ஒரு முகம் வரைந்தேன். இடப் புருவத்தை மட்டும் வேண்டுமென்றே வரையாமல் விட்டேன். அந்த அட்டையை, தந்தையாக நடித்தவரின் தோளுக்குப் பின்னால் கேமராவுக்குப் பக்கத்தில் மாட்டச் சொன்னேன்.

நான்காவது டேக். கண் அந்த வெற்றிடத்தில் ஒட்டிக்கொண்டது. கையில் பிரஷ் இல்லையே என்று விரல்தான் தவித்தது. வசனத்தை ஒரே முறை சொன்னேன். கால் அசையவில்லை.

"ஓகே! சூப்பர்ணே! அப்படியே உருகிட்டீங்க" என்றார் இயக்குநர்.

அதற்குள் என் மனைவி அட்டையிடம் போய்விட்டாள். அதில் நான் வரைந்திருந்த மூக்குத்தியைப் பார்த்ததும் தெரிந்துகொண்டாள்.

"இன்னா பாவா, நானா இது? ஒரு புருவத்த எங்க விட்ட?"

"ஆங், நீதான். அதையும் வரைஞ்சிருந்தா வேஷம் போயிருக்கும்மே."

"உன் வேஷத்துக்கு என் புருவம்தான் கெடச்சுதா?" என்று மேக்கப்காரரிடமிருந்து மைக்குச்சியைப் பிடுங்கி அவளே வரைந்தாள். வலப் புருவத்தைவிட இரண்டு மடங்கு தடிமன், நெற்றி வரைக்கும் ஏறிய வளைவு. நான் திருத்தவில்லை.