நடுக்கோடு வரை கையில் பந்து

இத்தாலியின் பலெர்மோ நகரில், அல்பெர்கேரியாப் பகுதியின் கீழ்த்தளத்து வீடொன்றில் இருக்கும் தொண்ணூறு வயதுக் கிழவரைப் பார்த்துக்கொள்வதுதான் என் வேலை. சமைத்துக் கொடுத்து, குளிக்க வார்த்து, பின்னேரங்களில் சக்கர நாற்காலியில் பல்லரோச் சந்தைக்குக் கூட்டிப்போவேன். ஞாயிற்றுக்கிழமை லீவு. அன்றைக்கு நான் எங்கள் தமிழ்ப் பெடியளின் உதைபந்தாட்ட அணிக்குக் கோல் கீப்பர். ஐம்பது வயதாகியும் என் இடத்தை ஒருவனும் பிடிக்கவில்லை என்பதில் எனக்குக் கொஞ்சம் தலைக்கனம் உண்டு.

கிழவரின் தகப்பன் ஆங்கிலேயர். இளமையில் இங்கிலாந்தில் சம்பளத்துக்குப் பந்து விளையாடியவர். அவரும் கோல் கீப்பர்தான். ஏழு வருடத்தில் மூன்று அணி மாறி, விரல்கள் முறிந்தபின் கப்பல் கந்தோர் வேலைக்குப் பலெர்மோ வந்து, இங்கேயே கலியாணம் கட்டினார். மகனுக்கு ஐந்து வயதில் இறந்துபோனார். அவர் விட்டுப்போனது ஒரே ஒரு கதை: பந்தை உள்ளங்கையில் தட்டித் தட்டியே மைதானத்தின் நடுக்கோடு வரைக்கும் கொண்டுபோவாராம்.

சந்தையில் மீன்கடைக்காரர் இதைக் கேட்கும்போதெல்லாம் வயிறு குலுங்கச் சிரிப்பார்.

"உங்கடை அப்பா விளையாடினது பாஸ்கெட்போல், சிஞ்ஞோரே!"

நானும் சேர்ந்து சிரித்தேன். கோல் பெட்டிக்கு வெளியே கீப்பர் பந்தைக் கையால் தொட்டால் நடுவர் விடுவாரா? கோல் கீப்பருக்கே கதை விடுகிறாரே என்று ஒருநாள் கிழவரின் முகத்துக்கு நேரே சொல்லியும் விட்டேன். அன்று முழுவதும் கிழவர் சாப்பாட்டைத் தொடவில்லை.

மறுநாள் அலுமாரியிலிருந்து ஒரு பிஸ்கட் டின்னை எடுக்கச் சொன்னார். உள்ளே மஞ்சளாகிப்போன ஆங்கிலப் பத்திரிகைத் துண்டுகள். அவருக்கு ஆங்கிலம் தெரியாது. இத்தனை வருடமும் ஒருவரிடமும் வாசிக்கக் கொடுக்கவில்லையாம்.

"ஏன்?" என்றேன்.

"பொய்யெண்டால்? என்னட்டை அப்பாவின்ரை எண்டு இருக்கிறது அந்த ஒரு கதைதான்." டின்னை என் பக்கம் தள்ளினார். "இனி என்ன, நீ வாசி. பொய்யெண்டாலும் சொல்லு."

எனக்குப் பெரிய வெட்கமாகிவிட்டது.

யாழ்ப்பாணத்துப் பள்ளிக்கூட ஆங்கிலத்தைத் தூசி தட்டி எடுத்தேன். முதல் துண்டில் பனிமூட்டம், தோல்வி. அடுத்ததில் சுண்டுவிரல் முறிவு. ஆறாவது துண்டில் நின்றுவிட்டேன். கோல் கீப்பர் பந்தை உள்ளங்கையில் தட்டிக்கொண்டு நடுக்கோடு வரை வந்தார் என்று, மழை பெய்தது என்பதைப்போல, சாதாரணமாக எழுதியிருந்தது. நடுவர் விசில் ஊதவே இல்லை. அங்கிருந்து அடித்த பந்து நேரே எதிரணியின் காலுக்குப் போனது என்பதில்தான் நிருபருக்குக் கோபம்.

என்னால் நம்ப முடியவில்லை. போனில் தேடினேன். அந்தக் காலத்தில் கோல் கீப்பர் தன் பக்கத்துப் பாதி மைதானம் முழுக்கக் கையால் விளையாடலாம். பந்தைத் தூக்கிக்கொண்டு ஓடத்தான் கூடாது. பிற்பாடுதான் சட்டம் மாறி, கீப்பரின் கையைப் பெட்டிக்குள் அடைத்திருக்கிறார்கள்.

"சிஞ்ஞோரே, அப்பா சொன்னது உண்மை. நான்தான் மடையன்."

"திருப்பி வாசி," என்றார். ஐந்து தரம் வாசித்தேன். பிறகு வீட்டுச் செருப்போடேயே நாற்காலியில் ஏறி, சந்தைக்குத் தள்ளச் சொன்னார். மீன்கடைக்காரர் கையை நன்றாகத் துடைத்துவிட்டுத்தான் துண்டை வாங்கிப் பார்த்தார். நான் வாசித்துச் சொன்னதும், சந்தை முழுக்கக் கேட்கும்படி, தன் சரக்கைக் கூவும் அதே குரலில், அந்தக் கோல் கீப்பரைக் கூவினார்.

ஞாயிறன்று எங்கள் கப்டனிடம் போனேன்.

"முதல் பத்து நிமிசம் பழைய சட்டத்திலை விளையாடுவம்."

"அண்ணை, உங்களுக்கென்ன விசரே?"

"ஓம்."

கதையைக் கேட்டதும் எதிரணியும் சம்மதித்தது. கோட்டோரம் நாற்காலியில் கிழவர். நாற்காலியைப் பிடித்தபடி மீன்கடைக்காரர்.

முதல் பந்து கைக்கு வந்ததும் தட்டத் தொடங்கினேன். பெட்டியைத் தாண்டும்போது, பழக்கதோஷம், நெஞ்சு திக்கென்றது. என் தொந்தி குலுங்கியதைப் பார்த்து எதிரணிக்காரர்கள் ஓட முடியாமல் சிரித்தார்கள். எனக்கும் சிரிப்பு. அவ்வளவு சந்தோஷமாக நான் ஒருநாளும் ஓடியதில்லை.

நடுக்கோட்டை நெருங்கும்போது கிழவரின் குரல் கேட்டது. என் பெயரைச் சொல்லிக் கூப்பிடவில்லை.

"பப்பா! அடி, பப்பா!"

அடித்தேன். பந்து நேரே எதிரணிக்காரன் காலில் போய் விழுந்தது, பத்திரிகையில் இருந்தபடியே.