ஆச்சி வாசித்த முடிவு

காதல் வசனம் வந்தால் ஆச்சி குரலைத் தாழ்த்திக்கொள்வாள். மாமியார் காதில் விழக் கூடாதாம். அப்போதுதான் நாங்கள் கைவேலையைப் போட்டுவிட்டு இன்னும் நெருங்கி உட்காருவோம். ஆச்சி என் கணவரின் அண்ணன் மனைவி. என்னைவிட நாலைந்து வயதுதான் மூத்தவள். எங்கள் பக்கத்தில் அக்காளையும் ஆச்சி என்றுதான் கூப்பிடுவோம். காரைக்குடியில் அந்தப் பெரிய வீட்டுப் பெண்களில் வாசிக்கத் தெரிந்தவள் அவள் ஒருத்திதான். வாரப் பத்திரிகை தபாலில் வந்தால், மத்தியானச் சாப்பாட்டுக்குப் பிறகு தொடர்கதையை எங்களுக்கு வாசித்துக் காட்டுவாள்.

கதையில் ஒருவன் கப்பலேறிப் போகிறான், ஒருத்தி காத்திருக்கிறாள். நிலாவைப் பார்த்தாலும் அவனுக்கு அவள் நினைவு, மழையைப் பார்த்தாலும் அவள் நினைவு. என் கணவரும் தன் அண்ணனோடு பர்மாவுக்குக் கடை பார்க்கப் போயிருந்தார். அவர் கடிதம் மாமனார் பெயருக்குத்தான் வரும். கடை விவரம், நெல் விலை எல்லாம் எழுதிவிட்டுக் கடைசியில், வீட்டில் அனைவர் சுகத்துக்கும் எழுதவும் என்றிருக்கும். அந்த அனைவரில் நானும் ஒருத்தி என்று ஒரு வாரம் பூரித்துக் கிடப்பேன். கதையில் அவன் வாய்விட்டுச் சொல்வதையெல்லாம் இவர் மனசுக்குள் சொல்கிறார் என்று நானாகவே வைத்துக்கொண்டேன். அசடு.

மூன்று வருஷக் கெடு முடிந்து மற்ற வீட்டு ஆண்கள் திரும்பினார்கள். எங்கள் வீட்டு இருவரும் வரவில்லை. நெற்குப்பையில் என் பிறந்த வீட்டிலிருந்து அண்ணன் வண்டி கட்டிக்கொண்டு வந்தார்.

"மாப்பிள்ளை அங்குட்டே ஒரு குடும்பம் வச்சிட்டாகன்னு கப்பல்ல வந்தவுக சொல்றாக. கிளம்பு ஆத்தா. நம்ம வீட்டு மேலப்பக்கத்து அறை உனக்குத்தான்."

நான் ஆச்சியிடம் ஓடினேன். என் கையைப் பிடித்து உட்கார வைத்தாள். "கதை முடிவு வந்திருக்கு. கேட்டுட்டு அப்புறம் போ," என்றாள். வாசித்தாள். ஊர் பேசியதெல்லாம் பொய்யாகப் போய், அவன் கப்பலிலிருந்து இறங்கி அவளைத் தேடி ஓடி வந்தான். நான் அழுது தீர்த்துவிட்டு அண்ணனை வெறும் வண்டியோடு அனுப்பினேன்.

சில வருஷம் கழித்து அண்ணன் மகன் கல்யாணத்துக்கு நெற்குப்பை போனேன். எனக்கென்று சொன்ன அறையைப் புதுப் பெண்ணுக்காக வெள்ளையடித்திருந்தார்கள். அண்ணன் மனைவியும் அதே பத்திரிகையை வாசிப்பவள். பேச்சுவாக்கில் அந்தக் கதையைச் சொன்னேன்.

"அவன் எங்க திரும்பி வந்தான்? அங்கனயே இன்னொருத்தியைக் கட்டிக்கிட்டான். இவ பொறந்த வீட்டுக்குல்ல போயிருவா," என்றாள்.

திரும்பி வந்து ஆச்சியிடம் கேட்டேன். "ஏன் மாத்தி வாசிச்சீக?"

அரிவாள்மனையில் வாழைக்காய் அரிந்துகொண்டிருந்தவள் நிமிரவில்லை. "உன் வீட்டுக்காரவுகளும் என் வீட்டுக்காரவுகளும் அங்குட்டு ஒரே தெருவுலதான் குடும்பம் வச்சிருக்காக. எனக்கு எப்பவோ தெரியும். நீயும் போயிட்டா இந்த வீட்டுல நான் யாரோட இருக்கிறது?"

கணவர் செய்ததும் துரோகம்தான். ஆனால் அவர் எனக்கு ஒரு வார்த்தை கொடுத்ததில்லை. நிலாவும் மழையும் நானாகச் சேர்த்துக்கொண்டவை. ஆச்சி என் கையைப் பிடித்துக்கொண்டல்லவா பொய் வாசித்தாள். அது இன்னும் எரிகிறது.

மாமனார், மாமியார் போய்ச் சேர்ந்துவிட்டார்கள். அத்தனை பெரிய வீட்டில் இப்போது நாங்கள் இருவர்தான். அவள் ஆசைப்பட்டபடியே நான் அவளோடு இருக்கிறேன். பேசுவதில்லை.