கீழே போகப் போக நம்பர் ஏறும்

இந்த நினைவு மலரைக் கையில் வாங்கியிருக்கும் உறவினர்கள், நண்பர்கள், அப்பாவோடு பந்து விளையாடியவர்கள், அப்பாவிடம் திட்டு வாங்கியவர்கள் எல்லோருக்கும் வணக்கம்.

அப்பா போய் ஒரு வருடம் ஆகிறது. அவர் வாழ்க்கையை எழுதும் பொறுப்பை வீட்டில் எனக்குக் கொடுத்தார்கள். எங்கள் குடும்பத்தில் பள்ளிப் படிப்பை முடித்த முதல் ஆள் நான். கல்லூரிக்குப் போன முதல் ஆளும் நான்தான். அதனால் எழுதுகிறேன். இன்னொரு காரணமும் உண்டு. அப்பா மறைந்த மறுநாள் ஒரு பத்திரிகையில் சின்னதாகச் செய்தி வந்தது. இந்தியாவுக்காகக் கால்பந்து ஆடி, உச்சிக்குப் போய், பிறகு சரிந்தவர் என்று அதில் எழுதியிருந்தார்கள். துக்கம் கேட்க வந்தவர்களில் சிலரும் அதையே வேறு வார்த்தைகளில் சொன்னார்கள். எவ்வளவு உயரத்துக்குப் போனவர், இப்படிக் கீழே வந்துவிட்டாரே என்று. அவர்களுக்கு டீ கொடுத்துக்கொண்டிருந்த எனக்கு அன்று பதில் பேச வாய் வரவில்லை. இப்போது பேசுகிறேன். அப்பா சரியவில்லை.

அப்பா கோலார் தங்கச் சுரங்கத்தின் மைசூர் மைன்ஸ் பகுதியில், தொழிலாளர்களுக்காக வரிசையாகக் கட்டிய லைன் வீடுகளில் ஒன்றில் பிறந்தார். தாத்தாவின் அப்பா குடியாத்தம் பக்கத்திலிருந்து சுரங்க வேலைக்கு வந்தவர். தாத்தாவும் சுரங்கத்தில்தான் இருந்தார். ஒற்றை அறை வீட்டில் ஏழெட்டுப் பேர். அப்பாவின் படிப்பு ஐந்தாம் வகுப்போடு நின்றுவிட்டது. தங்கம் எடுத்த பிறகு கொட்டிய மண் எங்கள் ஊரில் மலையாகக் குவிந்திருக்கிறதே, அந்த சயனைடு மேட்டின் அடியில் இருந்த பொட்டலில்தான் அவர் பந்து விளையாடக் கற்றார். காலில் ஷூ கிடையாது. மேட்டின் மேல் வெறுங்காலில் ஓடி ஏறி இறங்குவார். அங்கே ஓடினால் கால் புதையும். புதைந்த காலைப் பிடுங்கிப் பிடுங்கித்தான் தன் தொடைக்கு வலு வந்தது என்பார்.

சுரங்கக் கம்பெனி டீமில் ஆட வைப்பதற்காகவே அவருக்கு வேலை கொடுத்தார்கள். வேலை என்றால் மேலே நிழலில் உட்காரும் வேலை இல்லை. காலை ஷிப்டில், சுரங்கத்துக்குள் ஆட்களை இறக்கும் கம்பிக் கூண்டான கேஜில் இறங்கி, பூமிக்கு அடியில் கல் தள்ளிவிட்டு, மேலே வந்து முகத்தைக் கழுவிக்கொண்டு நேராக மைதானத்துக்குப் போவார். முன்னால் நின்று கோல் அடிப்பவர் அவர். உயரமான ஆள் இல்லை. ஆனால் எகிறினால் எதிராளியின் தோளுக்கு மேலே அவர் தலை தெரியும் என்று பார்த்தவர்கள் சொல்வார்கள். முதலில் மாநில அணி, பிறகு இந்திய அணி. எங்கள் லைனிலிருந்து முதலில் விமானம் ஏறியவர் அப்பாதான்.

அந்த வெளிநாட்டுப் பயணத்தில் தலையால் முட்டி ஒரு கோல் போட்டார். அதைப் பற்றி அவராகச் சொல்லி நான் கேட்டதில்லை. அவர் திரும்பத் திரும்பச் சொன்னது லிஃப்ட் கதையைத்தான். ஓட்டலில் அவருக்கு எட்டாவது மாடியில் அறை. அவர் லிஃப்டில் ஏறியது அதுதான் முதல் தடவை. ஆனால் கேஜில் தினமும் போகிறவர். எங்கள் சுரங்கத்தில் லெவல் நம்பர் மேலிருந்து கீழாகத்தான் போகும். தரைக்குப் பக்கத்தில் இருப்பது சின்ன நம்பர். இறங்க இறங்க நம்பர் பெரிதாகும். எட்டு என்றதும் அப்பா கீழே போகும் பட்டனை அமுக்கிவிட்டார். கதவு திறந்தால் சமையற்கட்டு. கறி வெட்டிக்கொண்டிருந்தவர்களிடம் சாவியைக் காட்டி எட்டாவது லெவல் எங்கே என்று கேட்டிருக்கிறார். அவர்கள் சிரித்துக்கொண்டே கொண்டுவந்து விட்டார்கள். அந்தப் பயணம் முடியும்வரை டீமில் அவருக்கு 'லெவல்' என்றுதான் பேர். அப்பா இதைச் சொல்லும்போது கடைசியில் ஒன்று சேர்ப்பார். "நான் ஒண்ணும் தப்பா அமுக்கல பாப்பா. அவனுங்க கட்டடத்துக்குத்தான் தலைகீழா நம்பர் போட்டு வெச்சிருந்தானுங்க."

முட்டி உடைந்ததோடு அவர் ஆட்டம் நின்றது. கம்பெனி டீமுக்கே கோச் ஆனார். தொண்ணூறுகளின் தொடக்கத்தில் பெங்களூர் கிளப் ஒன்று அவரைக் கோச்சாகக் கூப்பிட்டது. கம்பெனி வேலையை விட்டுவிட்டுப் போனார். லைனே திரண்டு வழியனுப்பியது.

அங்கே ஆட்கள் எடுக்கும் நாளில் எங்கள் ஊர் ஆட்டக்காரர்கள் மூன்று பேரை அப்பா வரச் சொல்லியிருந்தார். மூவரும் சுரங்கத் தொழிலாளிகளின் பிள்ளைகள். அவர்கள் பந்தைத் தொடும் முன்பே கிளப் செயலாளர் வேண்டாம் என்றுவிட்டார். லைன் பசங்க குடிப்பார்கள், சண்டை போடுவார்கள், நாலு பேர் நடுவில் நிற்கத் தெரியாது என்று அவர்கள் காதில் விழும்படியே சொன்னாராம். ஆடவிட்டுப் பார்த்துவிட்டுச் சொல்லுங்கள் என்று அப்பா கேட்டிருக்கிறார். செயலாளர் அதற்கும் இணங்கவில்லை. அப்பா தங்கியிருந்த அறையின் சாவியை மேஜை மேல் வைத்துவிட்டு, அந்த மூவரோடு ரயிலேறி எங்கள் ஊர் ஊரிகம் ஸ்டேஷனில் இறங்கினார்.

தகரப் பெட்டியோடு அவர் லைனுக்குள் வந்ததை எல்லோரும் பார்த்தார்கள். தண்ணீர்க் குழாயடியில் பெரியப்பா நின்றிருந்தார். அப்பாவின் கூடப்பிறந்த அண்ணன். சுரங்கத்துக்குள் கூரைக்கு மரம் முட்டுக் கொடுக்கும் வேலை பார்த்தவர். பெரியப்பாவும் இதைப் படிப்பார். படிக்கட்டும். குடம் வைத்துக் காத்திருந்த பெண்கள் எல்லோரும் கேட்க அவர் சொன்னார்.

"ஏரோப்ளேன்ல போனவன், பொட்டியத் தூக்கினு லைனுக்கே வந்துட்ட. இதுக்கு மேல எங்கடா எறங்கறது?"

அப்பா பெட்டியைக் கீழே வைத்தார்.

"எறங்கினா இன்னாண்ணா? நம்ம ஊர்ல கீழ போகப் போகத்தான நம்பர் ஏறுது."

"வாய்க்கு ஒண்ணும் கொறச்சல் இல்ல," என்றார் பெரியப்பா. குழாயடியே சிரித்தது. அந்தச் சிரிப்பு ஒன்றும் அப்பாவுக்கு ஆதரவான சிரிப்பு இல்லை.

வீட்டிலும் நிலைமை அதுதான். கிளப் வேலையும் போயிற்று, கம்பெனி வேலையும் போயிற்று. நான் அப்போது பியூசி முடித்துக் கல்லூரிக்குப் போகும் கட்டத்தில் இருந்தேன். அம்மா சத்தம் போடவில்லை. அரிசி களைந்துகொண்டே கேட்டார்: "பொண்ணு காலேஜுக்குப் போவணும். உங்க மானத்தக் காட்டுனா ரயில்ல ஏத்திக்குவானா?" அடுத்த வாரமே அப்பா ஊரில் இருந்த கனரக இயந்திரத் தொழிற்சாலையில் காண்டிராக்ட் காவலாளியாகச் சேர்ந்தார். ஒருகாலத்தில் கைதட்டி அவர் ஆட்டத்தைப் பார்த்தவர்களுக்கு இப்போது கேட் திறந்து விட்டார். சிலர் சங்கடப்பட்டு முகத்தைத் திருப்பிக்கொள்வார்கள். அப்பா விடமாட்டார். பேர் சொல்லிக் கூப்பிட்டு வீட்டில் எல்லோரும் சௌக்கியமா என்று கேட்பார். நான் தினமும் ரயிலில் பெங்களூர் போய்ப் படித்தேன். அந்தக் கேட்டில் அவர் நின்றதால்தான் படித்தேன். இதைச் சொல்ல எனக்கு வெட்கம் இல்லை, பெருமைதான்.

அந்தச் சமயத்திலும் ஒரு பத்திரிகை அவரைப் பற்றி எழுதியது. அப்பாவுக்கு எழுத்துக் கூட்டித்தான் படிக்க வரும் என்பதால் நான் படித்துக் காட்டினேன். 'நட்சத்திர வீரரின் சரிவு' என்று தலைப்பு.

"சரிவுன்னா இன்னா பாப்பா?"

மேட்டிலிருந்து கீழே இறங்குகிற பக்கம் என்றேன்.

"நம்ம சயனைடு மேட்டுல இருக்கே, அதுவா? அதுல ஓடித்தான கால் வலுவாச்சி. தெரியாதவன் எழுதியிருக்கான்," என்று எழுந்து மைதானத்துக்குப் போய்விட்டார்.

மைதானத்தில் அவருக்கென்று ஒரு டீம் சேர்ந்திருந்தது. கம்பெனி டீம் கலைந்துகொண்டிருந்த நேரம் அது. வேலை இல்லாதவர்கள், ஷிப்ட் முடித்து வருபவர்கள், அந்த மூன்று பேர் என்று யார் வந்தாலும் சேர்த்துக்கொண்டார். சுரங்கத்தில் ஷிப்ட் சைரன் ஊதினால் பயிற்சி தொடங்கும். தாமதமாக வருபவரை மேட்டில் ஏறி இறங்கச் சொல்வார். நொண்டிக்கொண்டே தானும் கூட ஏறுவார். அதனாலேயே யாரும் தாமதமாக வருவதில்லை. ஜெர்சிகளை அம்மாதான் துவைத்தார். கோபம் தீர்ந்து துவைத்தாரா, கோபத்தோடு துவைத்தாரா என்று தெரியாது. கல்லில் அடிக்கிற சத்தம் மட்டும் பலமாகக் கேட்கும்.

சில வருடங்கள் கழித்துப் பெங்களூரில் ஒரு போட்டியில் அதே கிளப்போடு எங்கள் டீம் மோத வேண்டி வந்தது. நானும் கல்லூரியிலிருந்து நேராக மைதானத்துக்குப் போனேன். ஜெயித்தோம் என்று எழுத ஆசைதான். ஒரு கோலில் தோற்றோம். ஆனால் ஆட்டம் முழுக்க அந்த மூன்று பேரையும் பிடிக்க முடியாமல் கிளப்காரர்கள் திணறியதைப் பார்த்தேன். ஆட்டம் முடிந்ததும் செயலாளர் அப்பாவிடம் வந்தார். அந்த மூவரையும் கிளப்புக்குத் தரச் சொல்லிக் கேட்டார்.

முடியாது என்று அப்பா சொல்வார் என்று நினைத்தேன். சொல்ல வேண்டும் என்றும் விரும்பினேன். மூவரும் ஷூ கயிற்றை அவிழ்க்காமல் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். அவர்கள் போனால் டீமின் முதுகெலும்பே போய்விடும் என்று எல்லோருக்கும் தெரியும். அப்பா அவர்கள் பக்கம் ஒரு தரம் திரும்பிப் பார்த்துவிட்டுச் செயலாளரிடம் சொன்னார்.

"கூட்டினு போங்க. ஆனா பேரு சொல்லிக் கூப்பிடணும். லைன் பசங்கன்னு ஒரு வாட்டி உங்க வாயில வந்தா, நானே வந்து திரும்பக் கூட்டினு போவேன்."

செயலாளர் அங்கேயே மூவரின் பேரையும் கேட்டுத் தெரிந்துகொண்டார்.

தோற்றுவிட்டு ஆட்களையும் கொடுத்துவிட்டு வந்தாயா என்று ஊரில் பெரியப்பா கேலி செய்தார். மறுநாள் சைரன் ஊதியபோது அப்பா மைதானத்தில் இருந்தார்.

கடைசி நாட்களில் நெஞ்சில் சேர்ந்திருந்த கல்தூசு அவரைப் படுத்தியது. மூச்சு போதாமல் விசில் ஊத முடியாதபோது நாற்காலி போட்டு உட்கார்ந்து கை தட்டிக் கோச்சிங் கொடுத்தார். கோலார் ஆஸ்பத்திரியில் படுத்திருந்தபோதும் பார்க்க வந்தவர்களின் முட்டியைத்தான் விசாரித்தார். அங்கேயே அமைதியாக அவர் உயிர் பிரிந்தது.

இந்த வருடம் சுரங்கத்தையே மூடிவிட்டார்கள். சைரன் இல்லை. ஊரே சரிந்துவிட்டது என்று பேசிக்கொள்கிறார்கள். அப்பா கொடுத்துவிட்டு வந்த அந்த மூவருக்கும் பந்தாட்டத்தால் வேலை கிடைத்திருக்கிறது. அந்த மூன்று வீட்டிலும் அடுப்பு எரிகிறது. அப்பாவின் டீம் இன்றும் ஆடுகிறது. சைரனுக்குப் பதிலாக யாராவது ஒருவர் கை தட்டுகிறார்.

ஆஸ்பத்திரியில் துணைக்கு இருந்தவர்களுக்கும், பாடையைத் தோளில் சுமந்த அந்த மூன்று ஆட்டக்கார அண்ணன்களுக்கும், அப்பா படுத்திருந்த நாட்களில் கேட்டில் அவர் முறையைத் தாங்களே பார்த்துக்கொண்ட தொழிற்சாலைக் காவலாளிகளுக்கும், எங்களுக்குச் சோறாக்கி அனுப்பிய லைன் வீடுகளுக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி.

கடைசி நன்றி பெரியப்பாவுக்கு. அப்பாவைக் குழியில் இறக்கும்போது கயிறு பிடித்தவர்கள் அவசரப்பட்டார்கள். பெரியப்பா கையை உயர்த்தி நிறுத்தினார். அவர் சொன்னதை அங்கே இருந்தவர்கள் எல்லோரும் கேட்டோம்.

"மெதுவா எறக்குங்கடா. என் தம்பி பெரிய நம்பருக்குப் போறான்."