ஓடாத கேமரா

எழுபதுகளில், மலையில் குடியேறிய தமிழர்களைப் பற்றி ஆவணப்படம் எடுக்க கேரளத்து வண்டிப்பெரியார் போயிருந்தேன். அங்கே தேயிலைக் கொழுந்து பறிக்கும் செல்லம்மாக்கா, தன் முன்னோர் மலையேறி வந்த கதையைப் பாட்டாகவே பாடினார். பாட்டு நீண்டுகொண்டே போனது. ஃபிலிமை மிச்சம் பிடிக்க, பாதியில் கேமராவை நிறுத்திவிட்டு, எடுப்பதுபோல் கண்ணில் வைத்தபடி நின்றேன். அவர் முழுக்கப் பாடிவிட்டுச் சிரித்தார்.

“பாதியிலயே கேமரா சத்தம் நின்னுபோச்சே சார்?”

எனக்கு முகம் சுருங்கிவிட்டது. “தெரிஞ்சுமா பாடுனீங்க அக்கா?”

“நீங்க கேட்டுக்கிட்டுத்தான நின்னீங்க?”

உண்மையில் நான் கேட்கவே இல்லை. அதையும் சொல்லிவிட்டேன்.

“அப்ப உக்காருங்க,” என்று பாலில்லாத கட்டஞ்சாயா கொடுத்து, முதலிலிருந்து பாடினார். எஸ்டேட் பங்களாவைப் படமெடுக்க வைத்திருந்த கடைசி ஃபிலிமை மாட்டினேன்.

என் படத்தில் பங்களா வரவில்லை. அதில் எனக்கு வருத்தமும் இல்லை. இப்போதெல்லாம் யாரிடம் போனாலும் முதலில் உட்கார்ந்து கேட்கிறேன். கேமராவை அப்புறம்தான் எடுக்கிறேன்.