சுவீப்பர் அனோஜா

யோகராணிக்கு ரொறன்ரோவில் அது முதல் பனிக்காலம். சப்பாத்து இருந்தது, அதற்குள் போட ஊரிலிருந்து கொண்டுவந்த மெல்லிய சொக்ஸ்தான் இருந்தது. பஸ்சுக்கு நிற்கும்போது கால்விரல்கள் மரத்துப்போகும். அதை அவள் யாரிடமும் சொல்லவில்லை. ஒருநாள் காலையில் கதவைத் திறந்தால் கைப்பிடியில் ஒரு பை தொங்குகிறது. உள்ளே முழங்கால் வரைக்கும் வருகிற தடித்த சிவப்புச் சொக்ஸ், தோய்த்து மடித்தபடி. பெயரும் இல்லை, ஆளும் இல்லை. முருகன்தான் அனுப்பினான் என்று கும்பிட்டுவிட்டுப் போட்டுக்கொண்டாள். கோயில் வாசலில் சப்பாத்தைக் கழற்றினால், சேலைக்கரைக்குக் கீழே செக்கச்செவேல் என்று இரண்டு கால். ஐயர்கூடச் சிரித்துவிட்டார்.

வெயில் காலம் வந்த பிறகுதான் முருகன் யாரைப் பிடித்து அனுப்பினான் என்று தெரிந்தது. சென் ஜேம்ஸ் ரவுணில் அவள் இருந்த மாடிக் கட்டடத்தின் எலிவேற்றருக்குள், பக்கத்து வீட்டு அனோஜா அதே மாதிரிச் சிவப்புச் சொக்ஸும் சேறு அப்பிய காற்சட்டையுமாக நின்றாள்.

"எடி பிள்ளை, அண்டைக்குக் கதவில கொழுவினது நீயே?"

"எதை அன்ரி?" என்று கேட்டுவிட்டு, அவள் எலிவேற்றர் இலக்கங்களை எண்ணுகிறவள்போல மேலே பார்த்துக்கொண்டு நின்றாள். பிறகு அந்தக் கதையை அவள் எடுத்ததே இல்லை.

அனோஜா மன்னார்ப் பிள்ளை. தாய் ஊரிலேயே காலமாகிவிட்டாள். தகப்பன் யோசப்போடு வந்தவள். பகலில் பெட்டி அடைக்கிற பக்டரி வேலை, பின்னேரத்தில் உதைபந்தாட்டம். பல நகரங்களிலிருந்தும் ரீம்கள் வந்து மோதுகிற பெண்கள் லீக் ஒன்று அப்போது நடந்தது. அதில் கெட்டிக்காரருக்கு ஒரு பிரிவு, அதற்குக் கீழே செக்கன்ட் டிவிஷன். இவளுடைய ரீம் கீழே.

யோசப் ஊரில் கூட்டுறவுச் சங்கக் கடை மனேச்சராக இருந்தவர். அவருக்கு டிவிஷன் என்றால் பள்ளிக்கூடச் சோதனை மறுமொழிதான். ஞாயிறு பூசை முடிந்து மாதா கோயில் படியில் நின்று, "மோள் செக்கன்ட் டிவிஷன்" என்பார். "செக்கன்ட் டிவிஷனும் பாஸ்தானே!" கேட்டவர்களும் பிள்ளை ஏதோ படிக்கிறாள் என்று தலையை ஆட்டுவார்கள்.

அந்த மனிசன் ஒரு சொல்லால் குழம்பிப்போனார்.

ஒரு வியாழக்கிழமை அனோஜா ஓடிவந்து, "அப்பா, சனிக்கிழமை மட்ச்சில கோச் என்னைச் சுவீப்பராப் போட்டிருக்கிறா!" என்றாள். அவளுக்கு முகமெல்லாம் சிரிப்பு. யோசப்பின் முகம் கறுத்துப்போயிற்று. அவர் மிசிசாகாவில், எயார்போட்டுக்குப் பக்கத்தில் ஒரு கந்தோரில் கூட்டித் துடைக்கிற வேலை செய்தார். அதைக் கோயிலில் ஒருவருக்கும் சொல்லாமல் 'ஒஃபீஸ் வேலை' என்றே சமாளித்து வந்தவர்.

"வீட்டில ஒராள் கூட்டினாக் காணும்" என்றார். "நீ இனி அந்தப் பக்கம் போகத் தேவையில்லை."

"ஐயோ அப்பா, அது விளையாட்டுச் சொல்!"

"எனக்குச் சுவீப்பருக்கு அர்த்தம் சொல்லித்தர வந்திட்டாய். வெள்ளைக்காரியள் ஓடி விளையாட, என்ரை பிள்ளை கிரவுண்ட் கூட்டுறதே?"

பிள்ளை தன்னைச் சமாதானப்படுத்தப் பொய் சொல்கிறாள் என்றே அவர் நம்பினார். சனிக்கிழமை அவள் போகாவிட்டால் அந்த இடம் வேறொருத்திக்குப் போய்விடும். அனோஜா யோகராணியின் குசினியில் வந்திருந்து, தேத்தண்ணி ஆறும்வரை அழுதாள்.

யோகராணிக்கும் சுவீப்பர் என்றால் என்னவென்று தெரியாது. அஞ்சாம் வகுப்போடு நின்றவள். ஆனாலும் எழும்பிப் பக்கத்து வீட்டுக்குப் போனாள்.

"யோசப் அண்ணை, சனிக்கிழமை நானும் வாறன். போய்க் கண்ணால பாப்பம். அங்கை கூட்டுற தும்புத்தடி ஒண்டு இருந்தாலும் சரி, நானே பிள்ளையின்ர கையில பிடிச்சு இழுத்துக்கொண்டு வாறன்."

"வா, தங்கச்சி" என்றார் யோசப்.

சனிக்கிழமை யோசப் கோயிலுக்குப் போடுகிற கோட்டைப் போட்டுக்கொண்டு, சட்டைப்பைக்குள் செபமாலையோடு வந்தார். மைதானத்தின் மூலைமூலையாகப் பார்த்தார். குப்பைத் தொட்டியைக்கூட எட்டிப் பார்த்தார். தும்புத்தடி இல்லை. மொன்றியலில் இருந்து வந்த பெட்டையள் பனைபோல வளர்ந்து நின்றார்கள்.

"உவள் ஏன் எல்லாருக்கும் பின்னால தனிய நிக்கிறாள்? ஆடத் தெரியாதெண்டு தள்ளி விட்டிட்டினமோ?" என்று அனோஜாவைக் காட்டிக் கேட்டார் யோசப்.

அந்த நேரம் பந்து அனோஜாவுக்கு முன்னால் நின்ற ரீம் ஆட்கள் எல்லோரையும் தாண்டி வந்தது. நெட்டைப்பெட்டை ஒருத்தி அதோடு பாய்ந்து வந்தாள். இனி அனோஜாவும் கோல்காப்பாளரும் மட்டும்தான். யோகராணி முருகா என்று கண்ணை மூடினாள். திறந்தபோது அனோஜா புல்லில் சறுக்கியபடி கிடந்தாள். பந்து வேலிக்கு அப்பால் கிடந்தது. பக்கத்தில் நின்ற வெள்ளைக்காரக் கிழவர் கையைத் தட்டி, "சுவீப்பர்! சுவீப்பர்!" என்று கத்தினார்.

யோகராணிக்கு விளங்கிவிட்டது.

"அண்ணை, உவள் கூட்டுறாள்தான். மற்றவை விட்டதையெல்லாம் வழிச்சு வெளியில தள்ளுறாள். பாருங்கோ, உவள் இல்லாட்டி இப்ப கோல்."

அடுத்த பந்து வந்தது, அதுவும் வெளியே போனது. அதற்கடுத்த பந்துக்கு யோசப்பால் தாங்க முடியவில்லை.

"கூட்டடி பிள்ளை! கூட்டு! வழிச்சுக் கூட்டு!"

மைதானத்தின் அந்தக் கரை முழுக்கத் திரும்பிப் பார்த்தது. அனோஜாவும் பார்த்துவிட்டு, சிரிப்பை அடக்க முடியாமல் கையால் வாயைப் பொத்தினாள். கடைசிவரை இரண்டு பக்கமும் கோல் விழவில்லை. திரும்பி வரும்போது பஸ்சில் யோசப் மெல்லச் சொன்னார்: "நானும் சுவீப்பர்தான், தங்கச்சி. எனக்கொருத்தரும் இப்பிடிக் கை தட்டேல்லை." சொல்லிவிட்டுத் தானே பெரிதாகச் சிரித்தார். அடுத்த ஞாயிறு கோயில் படியில் அவர் தன் வேலையின் உண்மைப் பெயரைச் சொன்னாராம்.

அதற்குப் பிறகு வந்த கோடைகள் எல்லாம் சனிக்கிழமைகளாகவே யோகராணியின் மனதில் நிற்கின்றன. அவள் மீன் ரோல்ஸ் பொரித்துக்கொண்டு போவாள், பிளாஸ்க்கில் தேத்தண்ணி. அனோஜாவின் ரீம்காரப் பெட்டையள் உறைப்பில் மூக்கைச் சிந்திக்கொண்டே இன்னொன்று கேட்பார்கள். யோசப் தொண்டை கட்டும்வரை கத்துவார். பார்க்க வந்தவர்களில் சிலபேர் அந்தச் சொல்லைப் பழகி, "கூட்டு! கூட்டு!" என்று தாங்களும் கத்தத் தொடங்கினார்கள். அந்த ரீம் ஒருபோதும் மேல் பிரிவுக்குப் போகவில்லை. போகவேண்டும் என்று கரையில் நின்றவர்களுக்கு ஒரு அவசரமும் இருக்கவில்லை.

தொண்ணூற்றொன்பதில் எட்மன்ரன் ரீம் ஒன்று அனோஜாவைக் கூப்பிட்டது. அங்கே நல்ல வேலையும் கிடைத்தது. யோசப் தன் வேலையையும் கோயிலையும் விட்டுப் போகமாட்டேன் என்றார். ஆனால் அவளைப் போகவேண்டாம் என்று ஒரு சொல் சொல்லவில்லை. அவள் போகிற அன்று காலையில் அவளுக்கு நெற்றியில் சிலுவை போட்டுவிட்டு, "எனக்கு வேலை சிவ்ற் இருக்கு" என்று வேலைக்கு நடந்துவிட்டார். அன்றைக்கு அவருக்கு லீவு என்பது யோகராணிக்குத் தெரியும். பிள்ளைக்கும் தெரிந்துதான் இருக்கும்.

பிறகு யோகராணி வோபர்ன் பக்கம் வீடு மாறிவிட்டாள். அனோஜா ஆண்டுக்கொருதரம் போன் எடுப்பாள். நேரில் காணக் கிடைக்கவில்லை. அவள் போன அன்று எயார்போட் வாசலில், பையைத் தோளில் மாட்டிக்கொண்டு, இரண்டடி போனவள் திரும்பி வந்து யோகராணியின் கையைப் பிடித்துச் சொன்னதுதான் கடைசி:

"அன்ரி, சனிக்கிழமையில அப்பாவை வீட்டுக்குள்ள இருக்க விடாதேங்கோ. ஆரின்ர பிள்ளையள் விளையாடினாலும் பரவாயில்லை, ஏதாவதொரு கிரவுண்டுக்குக் கொண்டுபோய் விடுங்கோ. அந்த மனிசன் கத்தாட்டி வருத்தமாக் கிடந்திடும்."