மூன்று வீட்டு மேரக்காய்

அப்பா வியட்நாமுக்கு வேலைக்குப் போவதா வேண்டாமா என்பதை எங்கள் வீட்டில் தீர்மானித்தது நான்தான். அப்போது எனக்கு வயது பத்து. ஐந்தாம் வகுப்பு முழுப்பரீட்சை லீவு. நான்தான் தீர்மானிக்கப் போகிறேன் என்பது எனக்குத் தெரியாது. தெரிந்திருந்தால் நன்றாக யோசித்துச் சொல்லியிருப்பேன் என்று இப்போது பெருமை பேசலாம். உண்மையில் அந்த வயதில் நான் யோசித்ததெல்லாம் அடுத்த வேளைச் சாப்பாட்டைப் பற்றித்தான்.

அப்பா அவிநாசிப் பக்கம் ஒரு பனியன் கம்பெனியில் கட்டிங் மாஸ்டர். அந்த வருஷம் ஆர்டர் குறைந்து, வாரத்தில் மூன்று நாள் மட்டும்தான் வேலை என்றாகியிருந்தது. மற்ற நாட்களில் அப்பா வீட்டில் மின்விசிறியைக் கழற்றித் துடைப்பார், நன்றாக ஓடிக்கொண்டிருக்கும் மோட்டாரைப் பிரித்துப் பார்ப்பார். போன ஆர்டரெல்லாம் வங்காளதேசத்துக்கும் வியட்நாமுக்கும் போய்விட்டதாகப் பேசிக்கொண்டார்கள். அந்த வியட்நாமில்தான் அம்மாவின் அண்ணன், அதாவது என் மாமா, ஒரு துணி ஃபேக்டரியில் மேனேஜராக இருந்தார். அங்கே கட்டிங் பகுதியைப் பார்த்துக்கொள்ள ஆள் தேவை, வருகிறீர்களா என்று அப்பாவைக் கேட்டார். வருவதென்றால் அப்பா மட்டும்தான் வர வேண்டும், வருஷத்துக்கு ஒரு முறை லீவு.

எங்கள் பக்கத்தில் மச்சான் ஒன்றைக் கேட்டால் முகத்தில் அடித்த மாதிரி முடியாது என்று சொல்லும் பழக்கம் கிடையாது. அப்பா “பாக்கலாமுங்க” என்றார். மாமா அதை நல்ல சேதியாகவே எடுத்துக்கொண்டு, வந்து பார்த்துவிட்டே சொல்லட்டும் என்று மூன்று பேருக்கும் டிக்கெட் போட்டுவிட்டார்.

ஃபேக்டரியைச் சுற்றிப் பார்க்க அரை நாள் போதுமானதாக இருந்தது. ஃபேக்டரியை மட்டும் பார்த்தால் எல்லா ஊரும் ஒன்றுபோலத்தான் இருக்கும், ஊரைப் பார்த்தால்தான் மனசு ஒட்டும் என்பது மாமாவின் கட்சி. அதனால் வடக்கே, சீன எல்லையை ஒட்டிய மலையில் மூன்று நாள் நடைப்பயணத்துக்கு ஏற்பாடு செய்திருந்தார். பகலில் கிராமம் கிராமமாக நடப்பது, இரவில் யாராவது ஒருவர் வீட்டில் தங்கிச் சாப்பிடுவது. ஹோம்ஸ்டே என்றார். காசு வாங்கிக்கொண்டு சோறு போடும் வீடுகள்தான் என்று மாமா எத்தனையோ தடவை சொல்லியும் அம்மா அதை ஏற்றுக்கொள்ளவில்லை. ஒருவர் வீட்டுப் படியேறி, அவர்கள் அடுப்பில் சமைத்ததைச் சாப்பிட்டால் நாம் விருந்தாளிகள்தான் என்று சொல்லிவிட்டாள். அங்கிருந்துதான் என் கஷ்டகாலம் ஆரம்பித்தது.

வழி காட்ட ஒரு மலைக்காரப் பெண் வந்தார். இருபது வயது இருக்கும். கருநீலத்தில் பூவேலை செய்த சட்டை, காலில் ரப்பர் பூட்ஸ். நான் அக்கா என்று கூப்பிட, அவரும் என்னைத் திருப்பி அக்கா என்றே கூப்பிட்டார். கொஞ்சம் இங்கிலீஷ் பேசுவார். மலையைப் படி படியாக வெட்டி வயல் ஆக்கியிருந்தார்கள். நடவுக்குத் தண்ணீர் கட்டி நின்ற வயல்களின் வரப்பில் நடந்தோம். கோயமுத்தூர் காந்திபுரத்தில் தேடித் தேடி வாங்கிய புது ஷூவோடு அம்மா முதல் ஒரு மணி நேரத்திலேயே சேற்றில் முழங்கால் வரை இறங்கிவிட்டாள். அக்கா மூங்கில் வெட்டி ஆளுக்கொரு குச்சி கொடுத்தார். அதற்குப் பிறகு அம்மாவும் விழவில்லை. மாமா மட்டும் விழுந்தார், அதுவும் “இந்த எடத்துல பாத்து வரோணும்” என்று எங்களுக்குச் சொல்லிக்கொண்டிருக்கும்போது.

முதல் வீடு மரத்தால் ஆனது. உத்தரத்தில் மக்காச்சோளக் கதிர்களைக் கொத்துக் கொத்தாகக் கட்டித் தொங்கவிட்டிருந்தார்கள். படுப்பதற்கு மேலே ஒரு பரண், வரிசையாக மெத்தைகள், கொசுவலைகள். எனக்கு வீடு ரொம்பப் பிடித்துப்போனது. ஆனால் சாப்பாட்டுக்கு உட்கார்ந்தால், நடுவில் ஒரு பெரிய கிண்ணம் நிறைய மேரக்காய்.

மேரக்காயை எனக்குப் பிறந்ததிலிருந்தே ஆகாது. சௌசௌ என்று சொல்லும் அதே காய்தான். ஊட்டியிலிருந்து மூட்டை மூட்டையாக வரும் அந்தக் காயை அம்மா கூட்டு வைக்கிற அன்றைக்கு நான் தயிர்ச்சோறு மட்டும் சாப்பிடுவேன். இத்தனை கடல் தாண்டி, இத்தனை மேடு ஏறி வந்தால், அது எனக்கு முன்னாலேயே வந்து உட்கார்ந்திருக்கிறது. அந்த மலையில் வேலிக்கு வேலி அதன் கொடிதான் என்பது பிறகு தெரிந்தது.

எங்கள் பையில் ஒரு பாட்டில் மாங்காய் ஊறுகாயும் பருப்புப் பொடியும் இருந்தன. எடுக்கப்போன என் கையை அம்மா பிடித்துக்கொண்டாள்.

“அவங்க ஊட்டுல உக்காந்துக்கிட்டு நம்ம ஊறுகாய எடுத்தா, உங்க சமையல் நல்லால்லீன்னு சொன்னாப்பல ஆயிரும் கண்ணு. மூஞ்சியச் சுளிக்காம தின்னுபோட்டு, நல்லா இருக்குதுங்கன்னு சொல்லு.”

சொன்னேன். தண்ணீரைக் குடித்துக் குடித்து விழுங்கிவிட்டு, அம்மா கண்ணை அகலமாக விரித்துப் பார்க்கவும், அந்த வீட்டுக்கார அம்மாவைப் பார்த்து நல்லா இருக்குதுங்க என்றேன். மாமா அதை இங்கிலீஷில் சொல்ல, அக்கா அவர்கள் பாஷையில் சொல்ல, மூன்று பாஷை தாண்டிப் போன என் மரியாதை இன்னொரு கரண்டி மேரக்காயாகத் திரும்பி வந்தது.

அதோடு முடிந்திருந்தால் பரவாயில்லை. அக்கா ஒவ்வொரு நாளும் அடுத்த வீட்டுக்கு முன்கூட்டியே ஃபோன் செய்து எத்தனை பேர், என்ன சாப்பிடுவார்கள் என்று சொல்லிவிடுவார். குழந்தைக்கு மேரக்காய் என்றால் உயிர் என்பதையும் சேர்த்துச் சொல்லியிருக்கிறார். மறுநாள் மதியம் சாப்பிட நின்ற வீட்டில் மேரக்காயின் கொடித்தளிரைப் பூண்டு போட்டு வதக்கி வைத்திருந்தார்கள். அன்றிரவு தங்கிய வீட்டில் காய் ஒரு தட்டு, தளிர் ஒரு தட்டு. இரண்டையும் என் பக்கமாகவே நகர்த்தினார்கள். அம்மா கண்ணை விரித்தாள். நானும் சொன்னேன். இரண்டாவது நாளில் எனக்கு அது பழகிவிட்டது, மேரக்காய் இல்லை, பொய். யார் எதை நீட்டினாலும் நல்லா இருக்குதுங்க என்பது தானாக வாயில் வந்தது. என் மரியாதையைப் பார்த்து மாமா அசந்துபோனார். ஊறுகாய் பாட்டில் மூடி திறக்காமலே மலை மலையாக எங்களோடு ஏறி இறங்கியது.

நான் மேரக்காயோடு போராடிக்கொண்டிருந்த நேரத்தில் பெரியவர்களுக்குள் வேறொன்று நடந்துகொண்டிருந்தது. மாமா நடக்கும்போதெல்லாம் அப்பாவின் பக்கத்திலேயே நடந்தார். ஊர் எப்படிக் குளுகுளுவென்று இருக்கிறது பாருங்கள், ஜனங்கள் எவ்வளவு தன்மை பாருங்கள் என்று ஒவ்வொன்றாகக் காட்டிக்கொண்டே வந்தார். அப்பாவும் ஒவ்வொன்றுக்கும் ஆமாங்க, ஆமாங்க என்றார். இரண்டாவது வீட்டில் ஒரு அம்மா தொட்டியில் அவுரிச் சாயம் வைத்துத் துணி நனைத்துக்கொண்டிருந்தார். முழங்கை வரை கை நீலமாக இருந்தது. அப்பா அந்தத் துணியின் ஓரத்தைக் கட்டை விரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவே வைத்துத் தேய்த்துப் பார்த்தார். எங்கே எந்தத் துணியைப் பார்த்தாலும் அவர் கை அப்படித்தான் போகும், கல்யாண வீட்டில் பட்டுப் புடவையைக்கூட விடமாட்டார். பாஷையே தெரியாமல் அப்பாவும் அந்த அம்மாவும் அரை மணி நேரம் துணியைத் திருப்பித் திருப்பிப் பார்த்துச் சிரித்துக்கொண்டார்கள். மாமா அதைப் பார்த்து, மாப்பிள்ளைக்கு ஊர் பிடித்துவிட்டது என்று அம்மாவிடம் சொன்னார். அம்மா ஆமாங்கண்ணா என்றாள். அப்பாவும் மறுத்துப் பேசவில்லை.

மூன்றாம் நாள் காலை. கார் வந்து நிற்கும் தார்ரோட்டுக்கு இன்னும் ஒரு மணி நேர இறக்கம்தான் பாக்கி. தங்கிய வீட்டு வாசலில் எல்லோருக்கும் டீ கொடுத்தார்கள். மேகம் வயலுக்குக் கீழே கிடந்தது. ஃபேக்டரிக்கு அன்றைக்கே பதில் சொல்லியாக வேண்டும் என்றார் மாமா. அவசரமில்லை, நிதானமாக யோசித்துச் சொல்லுங்கள் மாப்பிள்ளை என்றும் உடனே சேர்த்துக்கொண்டார். அப்பா டீயைக் குடித்து முடித்தார். அம்மாவைப் பார்த்தார். அம்மா தன் டம்ளரைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அப்புறம் அப்பா என்னைக் கூப்பிட்டு, இரண்டு கைகளையும் பிடித்து முன்னால் நிறுத்திக்கொண்டார்.

“ஏன் அம்மணி, அப்பா இந்த ஊருக்கே வேலைக்கு வந்துட்டா உனக்கு எப்படி இருக்கும்? உள்ளதச் சொல்லு.”

உள்ளது என்னவென்று எனக்குத் தெரியும். அப்பா இல்லாவிட்டால் காலையில் என்னைப் பள்ளிக்கூடத்துக்கு வண்டியில் கொண்டுபோய் விட ஆள் இல்லை. கணக்கு வராதபோது திட்டாமல் சொல்லிக்கொடுக்க ஆள் இல்லை. ராத்திரி கதவைத் தாழ் போட்டுவிட்டு இரண்டு முறை இழுத்துப் பார்க்கும் அந்தச் சத்தம் இல்லாமல் எனக்குத் தூக்கம் வராது. வேண்டாங்கப்பா என்று நாக்கு நுனி வரை வந்துவிட்டது. ஆனால் அந்த வீட்டுக்கார அம்மா எனக்குப் பக்கத்திலேயே நின்றுகொண்டிருந்தார். வழியில் சாப்பிட என்று எனக்காகவே அவித்த மேரக்காயை இலையில் கட்டிக் கையில் வைத்துக்கொண்டு, நான் என்ன சொல்லப் போகிறேன் என்று சிரித்த முகத்தோடு பார்த்தார். அக்கா பார்த்தார். மாமா பார்த்தார். அம்மா நிமிர்ந்து கண்ணை அகலமாக விரித்து என்னையே பார்த்தாள்.

அந்தப் பார்வைக்கு என்ன அர்த்தம் என்பதை மூன்று நாளாகப் பழகியிருந்தேனே.

“நல்லா இருக்குமுங்கப்பா,” என்றேன். அது போதாது என்று தோன்றியதால், ஊரும் ரொம்ப நல்லா இருக்குது என்று ஒரு கரண்டி சேர்த்துப் போட்டேன்.

மாமா தொடையைத் தட்டிச் சிரித்தார். “பாத்தீங்களா மாப்ள, கொளந்தையே சொல்லிப்போட்டா.”

அப்பா என் கைகளை விட்டார். பிறகு சரிங்க மச்சான் என்றார். அம்மா எல்லோருடைய டம்ளரையும் எடுத்துக்கொண்டு கழுவப் போனாள். வீட்டுக்காரர்கள் வேண்டாம் என்று தடுத்தும் கேட்காமல், குழாயடியில் உட்கார்ந்து ஒவ்வொன்றாக ரொம்ப நேரம் கழுவினாள்.

அப்பா அடுத்த மாதமே போனார். ஆறு வருஷம் இருந்தார். வருஷத்துக்கு ஒரு முறை வந்தபோதெல்லாம் நான் ஒரு வகுப்பு தாண்டியிருந்தேன். குறை சொல்ல ஒன்றுமில்லை. வீட்டுக்கு மாடி எடுத்ததும் பிற்பாடு நான் காலேஜ் சேர்ந்ததும் அந்தச் சம்பளத்தில் மிச்சம் பிடித்த காசில்தான். அப்பா திரும்பி வந்து அவிநாசியிலேயே ஒரு கம்பெனியில் சேர்ந்துவிட்டார். எல்லாம் நன்றாகவே முடிந்தது என்று சொந்தக்காரர்கள் சொல்வார்கள், நாங்களும் ஆமாங்க என்போம்.

எனக்கு வெளியூரில் வேலை கிடைத்து, போவதா வேண்டாமா என்று இழுத்துக்கொண்டிருந்த சமயத்தில்தான் அம்மா வாய் திறந்தாள். அன்றைக்கு அந்த வாசலில் அப்பாவுக்குப் போக மனசே இல்லையாம். மச்சானிடம் முடியாது என்று சொல்லவும் வாய் வரவில்லையாம். அம்மாவுக்கும் அதே கதைதான், கேட்டது கூடப்பிறந்த அண்ணன். குழந்தை வேண்டாம் என்று அழுதால் யாருக்கும் மனஸ்தாபம் வராது. புள்ள ஒத்துக்க மாட்டேங்குது என்று சொல்லி நல்லவிதமாகக் கழன்றுகொள்ளலாம். முதல் நாள் ராத்திரி மாமா தூங்கிய பிறகு அப்பாவும் அம்மாவும் இதைப் பேசி வைத்திருந்தார்கள்.

“வேண்டாம்னு சொல்லு, வேண்டாம்னு சொல்லுன்னுதானே கண்ணு உன்னைய அப்படிப் பாத்தேன்,” என்றாள் அம்மா.

எங்கள் வீட்டில் வாய்விட்டு வேண்டாம் என்று சொல்லக்கூடிய ஒரே ஆள் நான்தான். அப்படிப்பட்ட என்னை மூன்றே நாளில் மரியாதை தெரிந்தவளாக ஆக்கிவிட்டு, என்னை நம்பிக்கொண்டும் இருந்திருக்கிறார்கள். அம்மா சொன்னதைக் கேட்டு முதலில் சிரித்தேன். அப்புறம் அவள் மடியில் முகத்தை வைத்துக்கொண்டு அழுதேன்.

அன்று காலை மலை இறங்கும்போது இதெல்லாம் எனக்கு எங்கே தெரியும். நல்ல பதில் சொல்லிவிட்ட குஷியில் அக்காவோடு முன்னால் ஓடினேன். அப்பா பின்னாலிருந்து கூப்பிட்டார். வந்து நின்றதும், குனிந்து என்னை முதுகில் ஏற்றிக்கொண்டார். பத்து வயசுப் பெண்ணை யாராவது தூக்குவார்களா என்று எனக்கு ஒரே வெட்கம். கால் வலிக்கவே இல்லைங்கப்பா, நானே நடக்கிறேன், இறக்கிவிடுங்கள் என்று காதுக்குப் பக்கத்தில் திரும்பத் திரும்பச் சொன்னேன். அப்பா இறக்கிவிடவில்லை. நான் களைத்துப்போய்விட்டேன் என்று தப்பாக நினைத்துக்கொண்டிருக்கிறார், பாவம், என்று எனக்குத் தோன்றியது. தார்ரோடு வருகிறவரைக்கும் என்னைச் சுமந்துகொண்டே நடந்தார்.